ரூபாய்க்கு 11 அணா நம்முடையது!
நாகர்கோவில் மணிமேடையின் வரலாறும் கணக்கும்



வரவையும் செலவையும் எழுதி வைக்காத கடை மூன்று மாதம் தாங்காது என்பது நாம் அனைவரும் அறிந்த உண்மை. ஊருக்கும் அதுவே பொருந்தும். தன்னிடம் உள்ள பொதுச் சொத்து எப்படி வந்தது, யார் பணத்தில் வந்தது என்பதை மறந்துவிட்ட ஊர், அந்தச் சொத்தைக் காப்பாற்றவும் மறந்துவிடும். ஆகவேதான் இந்த இதழில், நம் மாவட்டத் தலைநகரின் நடுவே நிற்கும் மணிமேடையின் பழைய கணக்கைப் புரட்டிப் பார்க்க விரும்புகிறோம்.

கோட்டாற்றில் மொத்தக் கடை வைத்திருப்பவரானாலும், வடசேரியில் காய்கறிக் கடை வைத்திருப்பவரானாலும், தக்கலை, குளச்சல், மார்த்தாண்டத்திலிருந்து கொள்முதலுக்கு வருபவரானாலும், நாகர்கோவில் என்றதும் அடையாளமாகச் சொல்வது மணிமேடையைத்தான். பெயர் எல்லார் வாயிலும் இருக்கிறது. ஆனால், அதைக் கட்டிய பணத்தில் பெரும்பங்கு பொதுமக்கள் கொடுத்தது என்ற செய்தி நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

மன்னர் வருகையும் மணிக்கூண்டும்

இன்றைய கன்னியாகுமரி மாவட்டம் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூரோடு, பின்னர் திருவிதாங்கூர்–கொச்சியோடு இருந்தது. ஆகவே நம் பகுதியில் வெள்ளைக்காரக் கலெக்டர் நேரடியாக ஆண்டதில்லை. மகாராஜாவே ஆட்சி செய்தார். எனினும் 1795, 1805 ஆம் ஆண்டு உடன்படிக்கைகளுக்குப் பின் கும்பினியாரின் ரெசிடென்ட் துரையின் சொல்லுக்குச் சர்க்காரில் பெரும் செல்வாக்கு இருந்தது. கர்னல் மன்றோ 1811 முதல் 1814 வரை ரெசிடென்ட், திவான் என்ற இரு பதவிகளையும் தாமே வகித்தார் என்றால் அந்தச் செல்வாக்கின் அளவை நாம் புரிந்துகொள்ளலாம். மன்னர் ஆட்சியும் ஆங்கிலேயர் காலத்துப் பழக்கமும் கலந்த அந்தக் காலத்தின் சின்னம்தான் மணிமேடை.

ஸ்ரீமூலம் திருநாள் மகாராஜா 1885 முதல் 1924 வரை திருவிதாங்கூரை ஆண்டவர். பேச்சிப்பாறை அணை அவர் காலத்தில் 1906-இல் கட்டி முடிக்கப்பட்டது. நாஞ்சில் நாட்டு வயல்களுக்கு அந்த அணை செய்த நன்மையை அரிசி மண்டி வைத்திருப்பவர்களுக்கு நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. நிலவரி செலுத்துவோரும் வணிகர்களும் பேராளர்களாக அமர்ந்து சர்க்காரிடம் குறைகளை எடுத்துச் சொன்ன ஸ்ரீமூலம் பிரஜா சபை 1904-இல் தொடங்கியதும் அவர் ஆட்சியிலேதான்.

அந்த மன்னர் நாகர்கோவிலுக்கு எழுந்தருளியதன் நினைவாக 1892-இல் மணிக்கூண்டு கட்டும் வேலை நடந்தது. 1893 பிப்ரவரி 15 அன்று, அதாவது கொல்லம் ஆண்டு 1068 மாசி மாதத்தில், அது திறந்து வைக்கப்பட்டது. உச்சியில் பொருத்தப்பட்ட கடிகாரத்தை லண்டன் மிஷனைச் சேர்ந்த டதி பாதிரியார் அன்பளிப்பாகத் தந்தார். அவர் பெயரைத் தாங்கிய பெண்கள் பள்ளி நாகர்கோவிலில் இன்றும் நடைபெற்று வருகிறது. ஸ்காட் கிறிஸ்தவக் கல்லூரி கல்லூரியாக உயர்ந்ததும் அதே 1893 ஆம் ஆண்டில்தான் என்பது குறிப்பிடத்தக்கது.

இனி கணக்குக்கு வருவோம்

மணிமேடைக்கு ஆன மொத்தச் செலவு 3,258 ரூபாயும் சில்லறையும். அதில் மகாராஜா அளித்தது 1,017 ரூபாய். மீதி 2,241 ரூபாயும் சில்லறையும் பொதுமக்களிடமிருந்து வந்த நன்கொடை. நம் பழைய வழக்கப்படி ரூபாயை 16 அணாவாகப் பிரித்துப் பார்த்தால், மன்னர் பங்கு 5 அணா, மக்கள் பங்கு 11 அணா! கடிகாரமோ பாதிரியார் தந்தது. இப்படி மூன்று கைகள் சேர்ந்த பங்குத் தொழில்தான் மணிமேடை. மதமும் சாதியும் பார்த்துப் பிரிந்திருந்த அந்தக் காலத்திலேயே இந்து மன்னரும் கிறிஸ்தவ பாதிரியாரும் ஊர்ப் பொதுமக்களும் ஒரே காரியத்தில் கை கோத்தார்கள் என்பதை நாம் பெருமையோடு நினைத்துப் பார்க்க வேண்டும்.

சில்லறை என்றோமே, அது சக்கரமும் காசும். திருவிதாங்கூரில் 16 காசு ஒரு சக்கரம்; 28½ சக்கரம் ஒரு பிரிட்டிஷ் ரூபாய். ஆரல்வாய்மொழிக்குக் கிழக்கே ரூபாய், அணா, பைசா. மேற்கே சக்கரம், காசு. திருநெல்வேலிச் சரக்கை வாங்கி விற்ற நம் முன்னோர் ஒவ்வொரு பேரத்திலும் இந்த இரண்டு நாணயக் கணக்கையும் மனத்திலேயே போட்டவர்கள். கணிப்பொறி இல்லாத காலத்தில் அரைச் சக்கரமும் பிசகாமல் கணக்கு எழுதிய அந்தக் கைகளை நாம் வணங்க வேண்டும்.

ஹஜூர் கச்சேரி திறந்த வழி

ஊரார் 2,241 ரூபாயை மனமுவந்து தரும் அளவுக்கு ஊரில் பணப் புழக்கம் எப்படி வந்தது? இதற்கு விடை தேட வேண்டுமானால் இன்னொரு கட்டடத்தையும் பார்க்க வேண்டும். அதுதான் திருவனந்தபுரத்தில் உள்ள ஹஜூர் கச்சேரி. இன்று கேரள அரசின் தலைமைச் செயலகம்.

ஆயில்யம் திருநாள் மகாராஜா 1865-இல் அதற்கு அடிக்கல் நாட்டினார். தலைமைப் பொறியாளர் வில்லியம் பார்ட்டன் திட்டமிட்டுக் கட்டிய அந்த மாளிகை 1869-இல் திறக்கப்பட்டது. மேல்நாட்டு ரோமானியப் பாணியில் உயர்ந்த தூண்கள், நடுவே தர்பார் மண்டபம், இருபுறமும் நீண்டு செல்லும் வெள்ளை நிறப் பகுதிகள் என்று அமைந்தது. 1869 முதல் 1956 வரை 87 ஆண்டுகள் நாஞ்சில் நாட்டின் வரியும் வழக்கும் லைசென்சும் முடிவான இடம் அதுவே. நம் தாத்தாமார் மனுவைக் கையில் எடுத்துக்கொண்டு வண்டி கட்டிப் போனது அந்த மாளிகைக்குத்தான்.

அதைக் கட்டுவித்த காலத்துத் திவான் சர் டி. மாதவராவ். 1858 முதல் 1872 வரை பதவியில் இருந்தவர். கச்சேரிக்கு எதிரே அவருக்குச் சிலை உண்டு. அந்தச் சந்திப்புக்கே 'ஸ்டாச்சு' என்று பெயர் வந்துவிட்டது. வணிகர்களாகிய நாம் அவரை மறக்கக் கூடாத காரணம் இருக்கிறது. அவருக்கு முன், குறுமிளகும் புகையிலையும் சர்க்காரின் ஏகபோகம். விளைவித்தவன் தன் மிளகைச் சர்க்கார் சொன்ன விலைக்குச் சர்க்காருக்கே கொடுக்க வேண்டும். யாழ்ப்பாணத்திலிருந்து வந்த புகையிலையும் சர்க்கார் பண்டகசாலை வழியாகவே கடைக்கு வர வேண்டும். விலை கூடக் கூடக் கடத்தலும் கூடியது. மிளகு ஏகபோகம் 1860-லும் புகையிலை ஏகபோகம் 1863-லும் ஒழிக்கப்பட்டன. ஏகபோகத்துக்குப் பதில் சுங்கம் வந்தது. தனி வியாபாரி தன் முதலைப் போட்டுத் தொழில் செய்ய வழி பிறந்தது.

அடுத்து 1865-இல் பிரிட்டிஷ் இந்திய அரசுக்கும் திருவிதாங்கூர், கொச்சி சமஸ்தானங்களுக்கும் இடையே ஒரு வணிக ஒப்பந்தம் ஏற்பட்டது. அதுவரை ஆரல்வாய்மொழிக் கணவாயைக் கடந்து வரும் மூட்டைக்கு எல்லைச் சவுக்கையில் தீர்வை கட்ட வேண்டும். வண்டிகள் வரிசையில் காத்து நிற்கும். ஒப்பந்தத்துக்குப் பின், உப்பு, புகையிலை போன்ற சில சரக்குகள் நீங்கலாக, மற்றவை எல்லைத் தீர்வை இல்லாமல் இரு பக்கமும் போய்வந்தன. 2017-இல் ஜி.எஸ்.டி. வந்தபோது மாநில எல்லைச் சோதனைச் சாவடிகள் எடுக்கப்பட்டதை நாம் கண்டோம். நம் கணவாயில் அதுபோன்ற ஒரு மாற்றம் 150 ஆண்டுகளுக்கு முன்பே நடந்திருக்கிறது!

நாகர்கோவிலுக்கு ரயில் வந்தது 1979-இல்தான். 1893-இல் எல்லாம் மாட்டு வண்டியும் தோணியும். அப்படியிருந்தும் சந்தைகள் செழித்தன. கிரேக்க அறிஞர் தாலமி குறிப்பிட்ட 'கோட்டியாரா' நம் கோட்டாறே என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். பழமையான அந்தச் சந்தைக்குத் தடை நீங்கியதும் புது வேகம் கிடைத்ததில் வியப்பில்லை. எனவே, ஹஜூர் கச்சேரியில் எழுதப்பட்ட உத்தரவுகளுக்கும் மணிமேடைக்காக எழுதப்பட்ட நன்கொடைப் பட்டியலுக்கும் தொடர்பு உண்டு என்பதே நம் கருத்து.

எடைக்கல்லால் ஓடும் கடிகாரம்

மணிமேடைக் கடிகாரம் பாட்டரியாலோ மின்சாரத்தாலோ ஓடுவதற்காகச் செய்யப்பட்டதன்று. அது ஓடுவது எடையால். நீளமான சங்கிலியில் கனமான எடைகள் தொங்கும். புவி ஈர்ப்பால் அவை மெள்ளக் கீழே இறங்கும். இறங்கும் விசை பல்சக்கரங்களைச் சுழற்றும். எடை ஒரேயடியாக விழுந்துவிடாமல், ஊசல் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஒரு பல் மட்டும் நகரவிடும். அந்த ஒரு பல்தான் நாம் கேட்கும் 'டிக்'. எடை அடிக்கு வந்ததும் ஆள் ஏறிச் சாவி கொடுத்து மீண்டும் மேலே தூக்க வேண்டும். நம் மணிமேடையின் சங்கிலி 60 அடி நீளமுடையது என்று சொல்லப்படுகிறது.

மணிக்கூண்டுகள் உயரமாகக் கட்டப்படுவதற்கு இதுவும் ஒரு காரணம். தூரத்திலிருந்து தெரிய வேண்டும் என்பது மட்டுமன்று; எடை இறங்குவதற்கு ஆழம் வேண்டும். உயரம் கூடினால், ஒருமுறை சாவி கொடுத்தால் அதிக நேரம் ஓடும். அழகுக்காக என்று நாம் நினைக்கும் உயரத்தில் தொழில் கணக்கும் அடங்கியிருக்கிறது.

நம் பக்கத்தில் இது முதல் கடிகாரமும் அன்று. பத்மநாபபுரம் அரண்மனையின் மணிமாளிகைக் கடிகாரமும் தொங்கும் எடைகளால் ஓடுவதே. திருவனந்தபுரம் பத்மநாபசுவாமி கோயிலுக்கு எதிரே இரண்டு ஆட்டுக்கிடாக்கள் முட்டி மணி காட்டும் 'மேத்தன் மணி'யையும் நம்மில் பலர் பார்த்திருப்போம். அவை அரண்மனையையும் கோயிலையும் சார்ந்தவை. மணிமேடையோ நாற்சந்தியில், சந்தைக்குப் போகிறவர், கோர்ட்டுக்குப் போகிறவர், பள்ளிக்கூடத்துக்குப் போகிற பிள்ளை என எல்லாருக்கும் மணி சொல்ல எழுந்தது.

அதற்கு முன் ஊரில் நேரம் என்பது நாழிகைக் கணக்கு. 24 நிமிடம் ஒரு நாழிகை. 60 நாழிகை ஒரு நாள். கோயில் மணி, பள்ளிவாசல் பாங்கு, மாதா கோயில் மணி, நிழலின் நீளம் ஆகியவற்றைக் கொண்டு கடை திறந்தார்கள், கடை அடைத்தார்கள். இந்தியா முழுவதற்கும் ஒரே நேரம் என்ற ஏற்பாடு 1906 ஜனவரி 1 அன்றுதான் வந்தது. நாகர்கோவிலின் சூரிய நேரம் அந்தப் பொது நேரத்துக்குச் சுமார் 20 நிமிடம் பிந்தியது. ஆளுக்கொரு நேரம் இருந்தால் பேரம் ஒழுங்காக நடக்குமா? கூலிக்காரருக்கு எத்தனை மணிக்கு வேலை முடிகிறது? கோர்ட்டில் எத்தனை மணிக்கு வாய்தா? பொதுவான ஒரு மணி இருந்தால் சண்டைக்கு இடமில்லை.

நம் தொழிலில் இதற்கு ஒப்பு எடைக்கல். 1958-இல் மெட்ரிக் எடைகள் வரத் தொடங்கும் முன், ஊருக்கு ஊர் மரக்காலும் நாழியும் வேறு. ஒரே அளவு, அதற்குச் சர்க்கார் முத்திரை என்று வந்த பிறகே வாங்குபவரும் விற்பவரும் நம்பிக்கையோடு பேச முடிந்தது. எடைக்கு முத்திரைக் கல் எப்படியோ, நேரத்துக்கு மணிமேடை அப்படி.

கட்டடத்துக்கு வரும் நோய்

1893-இல் எழுந்த ஒரு கட்டடத்துக்கு இன்று 130 வயதைத் தாண்டிவிட்டது. மேடை நிற்கும் நகரமும் வளர்ந்துவிட்டது. 1920-இல் நகராட்சியான நாகர்கோவில் 2019-இல் மாநகராட்சியாக உயர்ந்தது. மாட்டு வண்டி போன சாலையில் லாரியும் பேருந்தும் ஓடுகின்றன. இந்த நிலையில் வணிகர்களாகிய நாம் கவனிக்க வேண்டிய சில விஷயங்கள் உண்டு. இவை மணிமேடைக்கு மட்டுமல்ல, கோட்டாற்றிலும் வடசேரியிலும் தக்கலையிலும் உள்ள நம் பழைய கடைக் கட்டடங்களுக்கும் பொருந்தும்.

முதலாவது, ஈரம். அக்காலச் சுவர்கள் பெரும்பாலும் சுண்ணாம்புக் காரையால் எழுப்பப்பட்டவை. சுண்ணாம்புச் சுவர் மழையில் ஈரத்தை வாங்கும், வெயிலில் வெளியே விடும். அதன் மேல் சிமென்ட் பூசிவிட்டால் ஈரம் உள்ளேயே தங்கிவிடும். இரண்டு மழைக்காலம் போனால் பூச்சு பொருமும், உள்ளே காரை பொடியாகும். நம் மாவட்டத்தில் இரண்டு பருவமழையும் பெய்வதால் இந்தச் சேதம் விரைவாக வரும். பழைய சுவருக்குச் சுண்ணாம்புப் பூச்சே மருந்து. ரிப்பேர் செய்யும்போது மேஸ்திரியிடம் இதைக் கேட்டு வாங்க வேண்டும்.

இரண்டாவது, செடி. சுவர் வெடிப்பில் முளைக்கும் அரசும் ஆலும் சின்னஞ்சிறியதாக இருக்கும்போதே வேரோடு எடுக்க வேண்டும். மேலே கிள்ளிவிட்டால் வேர் உள்ளே தடிக்கும். கடனும் அப்படித்தானே? சிறிதாக இருக்கும்போதே தீர்த்துவிட வேண்டும்.

மூன்றாவது, மறைப்பு. ஊரின் அடையாளத்தைப் பேனராலும் விளம்பரத் தட்டியாலும் மறைப்பது வணிகத்துக்கு நன்மை செய்வதில்லை. வெளியூர்க்காரர் அடையாளம் கண்டு நம் தெருவுக்கு வருவதே அந்தக் கட்டடத்தைக் கொண்டுதான். அடையாளத்தை மறைத்துவிட்டு வாடிக்கையாளரை எங்கே தேடுவது?

நான்காவது, ஆள். எடைக் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கவும் எண்ணெய் இடவும் தொழில் தெரிந்த கை வேண்டும். அத்தகைய கைகள் குறைந்து வருகின்றன. பழுதானதும் இயந்திரத்தைக் கழற்றி எறிந்துவிட்டு மின்சாரக் கடிகாரம் மாட்டுவது சுலபம். பல ஊர்களில் அப்படித்தான் நடந்தது. ஆனால், பழைய இயந்திரம் ஒருமுறை பழைய இரும்புக் கடைக்குப் போனால் திரும்பி வராது. தொழில் தெரிந்த ஒருவரிடம் இளைஞர் இருவரைப் பழக விடும்படி மாநகராட்சியை நாம் கேட்டுக்கொள்ளலாம்.

பேரேட்டைப் பழைய பேப்பரில் போடாதீர்!

இன்னொரு வேண்டுகோள். மணிமேடைக்கு மொத்தம் இவ்வளவு, மன்னர் பங்கு இவ்வளவு என்று இன்று நாம் சொல்ல முடிகிறதென்றால், யாரோ ஒருவர் கணக்கை ஒழுங்காக எழுதி வைத்ததால்தான். ஆனால், அந்த 11 அணாவில் எந்தத் தெருக் கடைக்காரர் எவ்வளவு தந்தார் என்பதைச் சொல்லக்கூடிய தாள், யார் வீட்டுப் பரணிலாவது இன்னும் இருக்கலாம் அல்லவா?

நாஞ்சில் நாட்டின் பழைய சமூக வாழ்வை ஆய்வாளர்கள் அறிந்துகொள்ளப் பெரிதும் உதவியவை அழகியபாண்டியபுரம் முதலியார் வீட்டு ஓலைகள். அவற்றில் இருப்பவை அரசர்களின் வீரப் புகழ் மட்டுமல்ல. நிலம், வரி, கடன், ஒற்றி, விலை பற்றிய ஆவணங்கள். ஒரு வீட்டார் ஓலைகளைப் பாதுகாத்து வைத்ததால் ஒரு நாட்டின் வரலாறு பிழைத்தது. நம் கடைகளில் இருக்கும் பழைய பேரேடு, சிட்டா, நாள்வழிக் குறிப்பு, பழைய ரசீது, முத்திரையிட்ட லைசென்ஸ், சரக்கு வந்த பில் ஆகியவையும் அத்தகைய ஆவணங்களே. 1950-இல் தேங்காய் என்ன விலை, கருப்பட்டி எந்த ஊரிலிருந்து வந்தது, கூலி எவ்வளவு என்பதை நம் பேரேடு சொல்லும். வேறு எந்தப் புத்தகமும் சொல்லாது.

கடையைப் பங்கு பிரிக்கும்போதும், புதுப்பிக்கும்போதும், முதலில் எடைக்குப் போவது இந்தப் புத்தகங்கள்தான். கிலோவுக்குச் சில ரூபாய் கிடைக்கும். அந்தச் சில ரூபாய்க்கு நம் பாட்டனார் கையெழுத்தை விற்க வேண்டுமா? கரையானும் ஈரமும் அணுகாதபடி வேப்பிலை போட்டு ஒரு தகரப் பெட்டியில் வைத்தால் போதும். முடிந்தவர்கள் செல்போனிலேயே பக்கம் பக்கமாகப் படம் எடுத்து வைக்கலாம்.

நம் கடமை

அரசு கட்டிய கட்டடத்தை அரசே பார்த்துக்கொள்ளும் என்று நாம் ஒதுங்கிவிடுவது வழக்கம். மணிமேடை விஷயத்தில் அந்தச் சாக்கு செல்லாது. அது முழுக்க அரசு கட்டியதன்று. ரூபாய்க்கு 11 அணா நம் முன்னோர் போட்ட முதல். முதல் போட்டவன் கடையை எட்டிப் பார்க்காமல் இருக்கலாமா?

ஆகவே வணிகப் பெருமக்களே, அவரவர் ஊர்ச் சங்கக் கூட்டத்தில் இந்தப் பொருளை ஒருமுறை எடுத்துப் பேசுங்கள். உங்கள் ஊரில் மணிக்கூண்டோ, பழைய கச்சேரியோ, சத்திரமோ, சந்தைக் கட்டடமோ இருந்தால், யார் பணத்தில் எந்த ஆண்டில் எழுந்தது என்று மூத்த வணிகர்களைக் கேட்டு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். கல்வெட்டு இருந்தால் சுண்ணாம்பு அடித்து மூடிவிடாமல் பாதுகாக்கச் செய்யுங்கள். பராமரிப்புக்கு ஆண்டுதோறும் என்ன செலவாகிறது என்று உள்ளாட்சியிடம் மரியாதையோடு கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். கணக்குக் கேட்பது வணிகனுக்குப் புதிதல்ல. அது நம் தொழில்.

2,241 ரூபாய் என்பது இன்றைக்கு ஒரு மூட்டைச் சரக்கின் விலை. அன்றைக்கு அது ஓர் ஊரின் பெருந்தன்மை. அந்த முதலுக்கு வட்டியாக நாம் தரக்கூடியது கவனிப்பு ஒன்றுதான். அதை மனமாரத் தருவோமாக!